மருத்துவர் பதில்: கொடைக்கானலில் வராத தலைவலி ஹம்ப்டா கணவாயில் வருமா?

கேள்வி: என் வயது 53. பத்து வருடமாக சுகர், ஐந்து வருடமாக பிரஷர். காலையில் மெட்ஃபார்மினும் கிளிமிபிரைடும் சேர்ந்த மாத்திரை, இரவில் மெட்ஃபார்மின் மட்டும். பிரஷருக்கு அம்லோடிபின் 5 மி.கி. சுகரின் மூன்று மாதச் சராசரி 7.2. தினமும் காலையில் ஒரு மணி நேரம் நடக்கிறேன். வலது மூட்டு, படி இறங்கும்போது மட்டும் லேசாக வலிக்கும். செப்டம்பரில் மணாலி பக்கம் ஹம்ப்டா கணவாய் டிரெக்கிங்குக்கு என் மகள் எனக்கும் சேர்த்துப் பணம் கட்டிவிட்டாள். கைடு, சமையல், கூடாரம் எல்லாம் அவர்கள் பொறுப்பு. மொத்தம் ஒரு வாரம். சுமாரான உடல்தகுதி போதும் என்கிறார்களாம். மனைவி வேண்டவே வேண்டாம் என்கிறாள். கொடைக்கானல், ஊட்டி எல்லாம் பலமுறை போயிருக்கிறேன், ஒன்றும் ஆனதில்லை. போகலாமா? டயமாக்ஸ் மாத்திரை போட வேண்டுமா? கற்பூரத்தை முகர்ந்தாலே போதும் என்கிறார் அமர்நாத் போய்வந்த நண்பர்.

- வாசகர், திருச்சி

பதில்: போகலாம். ஆனால் இந்த ஒரு வார்த்தையை மட்டும் மனைவியிடம் படித்துக் காட்டிவிட்டு மீதியை மடித்து வைத்துவிடாதீர்கள். மீதியில்தான் நிபந்தனைகள் இருக்கின்றன.

சுமாரான உடல்தகுதி போதும் என்று அவர்கள் சொன்னது பொய்யில்லை, நடப்பதற்கு அது போதும். தினமும் ஐந்தாறு மணி நேரம், கைடின் வேகத்தில், நின்று நின்று போகிற நடை அது. ஒரு மணி நேரத்தில் ஆறு கிலோமீட்டரை மூச்சு இரைக்காமல், பக்கத்தில் வருபவரிடம் பேசிக்கொண்டே நடக்க முடிகிறவர் இதையும் நடந்துவிடுவார். ஆனால் உயரம் உங்கள் காலைச் சோதிப்பதில்லை. அது வேறு பரீட்சை, அதற்கு வாக்கிங் போய்ப் படிக்க முடியாது.

கொடைக்கானல் சுமார் 2,100 மீட்டர், ஊட்டி 2,240. மணாலியே 2,050 மீட்டர்தான். அதாவது நீங்கள் இதுவரை போன உயரம் எல்லாம் இந்தப் பயணத்தின் பஸ் ஸ்டாண்டு. தமிழ்நாட்டின் உச்சியான தொட்டபெட்டா 2,637 மீட்டர். ஹம்ப்டாவில் நடை தொடங்குகிற ஜோப்ரா அதையும் தாண்டிய உயரம். உயரம் ஒத்துக்கொள்ளாமல் வருகிற மலை நோய் பொதுவாக 2,500 மீட்டருக்கு மேல்தான் தலைகாட்டும். ஆகவே ஊட்டியில் ஒன்றும் ஆகவில்லை என்பது நல்ல செய்தி, ஆனால் சாட்சியம் ஆகாது. கணவாய் 4,270 மீட்டர். அங்கேயும் காற்றில் ஆக்ஸிஜன் அதே 21 சதவீதம்தான். ஆனால் காற்றின் அழுத்தம் கடல்மட்டத்தில் இருப்பதில் ஏறத்தாழ 60 சதவீதம் என்பதால், ஒவ்வொரு மூச்சிலும் உள்ளே போகிற ஆக்ஸிஜன் அந்த அளவுக்குக் குறைந்துவிடும்.

இதை உலகத்துக்கு விளக்கியதில் நம் ராணுவ மருத்துவர்களுக்குப் பெரிய பங்கு உண்டு. 1962 சீனப் போர்க் காலத்தில் சமவெளியிலிருந்து வீரர்களை அவசர அவசரமாக இமயமலை உயரங்களுக்கு அனுப்ப வேண்டியிருந்தது. அப்படிப் போய் நோய்ப்பட்ட 1,925 பேரைப் பற்றி இந்தர் சிங்கும் அவருடைய சகாக்களும் எழுதிய கட்டுரை 1969ல் அமெரிக்க மருத்துவ இதழில் வெளியானது. யோசித்துப் பாருங்கள், அத்தனை பேரும் பயிற்சி பெற்ற ராணுவ வீரர்கள். தொப்பை இல்லை, சுகர் இல்லை. மேலே போன வேகம்தான் அவர்களைப் படுக்க வைத்தது. உங்களைவிட உங்கள் மகளுக்கு முதலில் தலை வலித்தாலும் நான் ஆச்சரியப்பட மாட்டேன்.

இனி உங்கள் பாதைக்கு வருகிறேன். ஜோப்ராவிலிருந்து முதல் கூடாரம் சிக்கா பக்கம், சுமார் 3,100 மீட்டர். அடுத்தது பாலு கா கேரா, சுமார் 3,600. அதற்கு அடுத்த நாள்தான் கணவாய். ஏறி, மறுபக்கம் செங்குத்தாக இறங்கி, ஏறத்தாழ 3,900 மீட்டரில் ஷியா கோருவில் படுப்பீர்கள். அதற்கும் மறுநாள் லாஹவுல் பக்கம் சத்ரு என்ற இடத்துக்கு இறக்கம். 3,000 மீட்டருக்கு மேல் போனால், படுக்கிற இடத்தை ஒரு இரவுக்கு 500 மீட்டருக்கு மேல் உயர்த்தக் கூடாது என்பது பொதுவாகச் சொல்லப்படுகிற கணக்கு. இந்தப் பாதை அந்தக் கோட்டை ஒட்டியே போகிறது, மிச்சம் மீதி அதிகமில்லை.

இதில் நீங்கள் மனதில் குறித்துக்கொள்ள வேண்டிய இடம் கணவாய் அல்ல, அதற்கு முந்தைய இரவு. பாலு கா கேராவில் இருக்கும்வரை உடம்பு சரியில்லை என்றால் வந்த வழியே சில மணி நேரத்தில் இறங்கிவிடலாம். கணவாயைத் தாண்டிவிட்டால் திரும்புவதற்கு மறுபடி 4,270 ஏற வேண்டும், முன்னால் போகவும் நீண்ட நடை. ஆகவே அன்று மாலை உங்களுக்குத் தலைவலி இருந்து, அதோடு குமட்டலோ, சாப்பாடு இறங்காமல் இருப்பதோ, அசதியோ, கிறுகிறுப்போ ஒன்று சேர்ந்திருந்தால் அது மலை நோய்தான் என்று வைத்துக்கொண்டு டிரெக் லீடரிடம் சொல்லிவிடுங்கள். மறுநாள் காலையிலும் குறையாவிட்டால் மேலே ஏறக் கூடாது. கூடாரம் கலைக்கிறார்கள், கோவேறு கழுதையில் மூட்டை ஏற்றிவிட்டார்கள், மற்ற பதினைந்து பேரும் காத்திருக்கிறார்கள் என்பதெல்லாம் ஒரு காரணமே இல்லை.

சொல்வது சுலபம் என்று எனக்கும் தெரியும். நானும் இதில் உத்தமன் இல்லை. பல வருடங்களுக்கு முன் இப்படி ஒரு நடையில், குழுவிலேயே மூத்தவன், அதிலும் டாக்டர் என்ற கெத்தில் தலைவலியை யாரிடமும் சொல்லாமல் இரண்டு பாராசிட்டமாலைப் போட்டுக்கொண்டு படுத்தேன். காலையில் ஷூ கயிற்றைக் கட்ட விரல்கள் சொன்னபடி கேட்கவில்லை. டீ கொண்டுவந்த சமையல்காரப் பையன்தான் அதைக் கவனித்துப் போய்ச் சொன்னான். அவர்கள் என்னைக் கைத்தாங்கலாகக் கீழே கொண்டுவந்தார்கள். மாலைக்குள் சரியாகிவிட்டது. அந்தப் பையன் டீயை வாசலில் வைத்துவிட்டுப் போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று இப்போதும் சில சமயம் நினைப்பதுண்டு. நம் ஊர் ஆண்கள், முக்கியமாக மகளோடு போகிற அப்பாக்கள், இந்த விஷயத்தில் பெரிய பொய்யர்கள். உங்களைச் சொல்லவில்லை, பொதுவாகச் சொன்னேன்.

டயமாக்ஸ் பற்றிக் கேட்டீர்கள். அது அசிட்டசோலமைடு. மூச்சைக் கொஞ்சம் ஆழமாகவும் வேகமாகவும் இழுக்க வைத்து, உடம்பு மலைக் காற்றுக்குப் பழகுவதை விரைவாக்கும். வலியை மூடி மறைக்கிற மாத்திரை அல்ல, அதனால்தான் எனக்கு அதில் நம்பிக்கை. உங்கள் பாதைக்கு, உங்கள் வயதுக்கு, நான் எழுதிக் கொடுப்பேன்: 125 மி.கி., அதாவது நம் கடைகளில் கிடைக்கிற 250 மாத்திரையில் பாதி, காலை ஒன்று, மாலை ஒன்று. மேலே ஏறுவதற்கு முந்தைய நாளே தொடங்கி, சத்ருவுக்கு இறங்கும்வரை. மாலை மாத்திரையை ஐந்து மணிக்குள் போட்டுவிடுங்கள், இல்லாவிட்டால் குளிரில் நடுராத்திரி நாலு தடவை கூடாரத்தின் ஜிப்பைத் திறக்க வேண்டிவரும். விரல் நுனி, உதட்டைச் சுற்றி எறும்பு ஊர்வது போல இருக்கும். சோடா, கோலா குடித்தால் சப்பென்று இருக்கும். இரண்டுக்கும் பயப்பட வேண்டாம். சல்ஃபா மருந்து ஒத்துக்கொள்ளாதவர் என்றால் மட்டும் உங்கள் டாக்டரிடம் சொல்லாமல் தொடக் கூடாது. ரத்தத்தில் கிரியாட்டினின் (சிறுநீரகம் எப்படி இருக்கிறது என்று சொல்கிற சோதனை) பார்த்துவிட்டு, திருச்சியிலேயே இரண்டு நாள் போட்டுப் பார்த்துவிடுங்கள். புது மாத்திரையின் முதல் வேளையை மலையில் வைத்துக்கொள்ளாதீர்கள்.

கற்பூரம் மூக்கைத் திறந்தது போல ஓர் உணர்வு தரும், அவ்வளவுதான். ரத்தத்தில் ஆக்ஸிஜனை அது ஏற்றாது. முகர்ந்தால் பெரிய கெடுதல் இல்லை. தப்பித் தவறி விழுங்கிவிட்டால் வலிப்பு வரும், அது விஷம். கையில் எடுத்துப் போகிற சின்ன ஆக்ஸிஜன் டப்பாவும் சில நிமிட ஆறுதல்தான்.

மாத்திரையைவிட நல்ல மருந்து ஒன்று உண்டு, காசும் குறைவு. இரண்டு நாள் முன்னதாகப் போய் மணாலியில் தங்குங்கள். டெல்லியிலிருந்து ராத்திரி பஸ்ஸில் தூங்காமல் வந்து, குளித்து, அன்றே ஜோப்ராவுக்கு ஜீப் ஏறுகிறவர்கள்தான் அதிகம் தவிக்கிறார்கள். அந்த இரண்டு நாளும் பியர் வேண்டாம், தூக்க மாத்திரையும் வேண்டாம்.

இப்போது சுகர். உங்கள் 7.2 எனக்குக் கவலை தரவில்லை, அந்த கிளிமிபிரைடுதான் தருகிறது. நாள் முழுக்க ஏற்றத்தில் நடக்கிற உடம்பு சுகரை விறகு மாதிரி எரிக்கும். மேலே பசியும் குறையும். அந்த நேரத்தில் வழக்கமான அளவு கிளிமிபிரைடு உள்ளே இருந்தால் சுகர் சர்ரென்று இறங்கிவிடும். இறங்கினால் என்ன ஆகும்? தலைவலி, கிறுகிறுப்பு, அசதி, தடுமாற்றம். மலை நோய்க்கும் இதே முகம். கூடாரத்தில் இரண்டையும் முகத்தைப் பார்த்துப் பிரித்துச் சொல்ல என்னாலும் முடியாது. அதனால் நடக்கிற நாட்களுக்கு அந்த மாத்திரையைக் குறைப்பதா, நிறுத்துவதா என்று உங்கள் சுகர் டாக்டரிடம் இப்போதே எழுதி வாங்கிவிடுங்கள். மேலே இருக்கும்போது சுகர் 200ஐத் தொட்டால் தொடட்டும், 50க்குப் போவதைவிட அது எவ்வளவோ மேல். சந்தேகம் வந்தால் முதலில் விரலைக் குத்திப் பாருங்கள். அந்தக் கருவியையும் ஸ்ட்ரிப் டப்பாவையும் பையில் போடாமல் சட்டைக்குள் உடம்போடு வைத்துக்கொள்ளுங்கள். பல கருவிகள் 10 டிகிரிக்குக் கீழ் எண் காட்டாமல் முரண்டு பிடிக்கும். பையில் கடலைமிட்டாய், குளுகோஸ் பாக்கெட் இரண்டும் இருக்கட்டும். வாந்தி, பேதி என்று வந்தால் மெட்ஃபார்மினையும் நிறுத்திவிட வேண்டும். இன்னொன்று: புறப்படுவதற்குள் டாக்டர் மாத்திரையை மாற்றி, 'ஃப்ளோசின்' என்று முடிகிற பெயரில் எதையாவது சேர்த்தால், மலைக்குப் போகிற விஷயத்தை அவரிடம் சொல்லுங்கள். சாப்பாடு குறைந்து, தண்ணீர் வற்றி, உடம்பு உழைக்கும்போது அந்த வகை மாத்திரை ரத்தத்தில் அமிலத்தைக் கூட்டிவிடலாம்.

பிரஷர் முதல் சில நாள் கொஞ்சம் ஏறும். அம்லோடிபினை அப்படியே தொடருங்கள். கணுக்கால், முகம் லேசாக வீங்கினால் கலங்க வேண்டாம். நுரையீரலில் நீர் கோத்துக்கொண்டால் டிரெக் லீடர் நிஃபெடிபின் கொடுக்கக்கூடும். அதுவும் அம்லோடிபினும் ஒரே குடும்பம், இரண்டும் சேர்ந்தால் பிரஷர் கீழே விழும். ஆகவே நீங்கள் சாப்பிடுகிற மாத்திரைகளை ஒரு தாளில் எழுதி முதல் நாளே அவர் கையில் கொடுத்துவிடுங்கள்.

போகும் முன் செய்ய வேண்டியவை: இ.சி.ஜி., எக்கோ, டிரெட்மில். பத்து வருட சுகருக்கு டிரெட்மில்லை நான் விட மாட்டேன். அதில் தேறினால் இதயம் சரி என்று அர்த்தம், உயரம் ஒத்துக்கொள்ளும் என்று அர்த்தமில்லை. கண்ணில் சொட்டு மருந்து விட்டு விழித்திரையைப் பார்க்கச் சொல்லுங்கள். பிறகு பாதம். சுகரால் பாதத்தில் உணர்ச்சி குறைந்திருந்தால் ஷூ கடிப்பது தெரியாது. ஷியா கோரு பக்கம் ஓர் ஓடையைக் கடக்க வேண்டும், தண்ணீர் பனிக்கட்டி உருகி வந்தது. கரை ஏறியதும் மரத்துப்போன காலை நெருப்பிலோ வெந்நீரிலோ காட்டிவிடாதீர்கள், வெந்துபோனாலும் தெரியாது. துணியால் துடைத்து, உலர்ந்த சாக்ஸ் போடுங்கள். தினமும் மாலை மகளை டார்ச் அடித்துப் பாதத்தைப் பார்க்கச் சொல்லுங்கள்.

மூட்டுக்கு: உங்களுக்கு ஏற்றம் பிரச்சினை இல்லை, கணவாய்க்கு அந்தப்பக்க இறக்கம்தான். மலைக்கோட்டை உங்கள் ஊரிலேயே இருக்கிறது. நானூற்றுச் சொச்சம் படிகள், வாரம் மூன்று நாள், முதுகில் ஐந்து கிலோ. ஏறுவதைவிட மெதுவாக இறங்கிப் பழகுவது முக்கியம், தொடைத் தசை அதில்தான் உறுதியாகும். இரண்டு கைக்கும் ஊன்றுகோல் வாங்கிவிடுங்கள், ஒன்று போதாது.

ராத்திரி நீங்கள் தூங்கும்போது மூச்சு வேகமாகி, அடங்கி, சில விநாடி நின்றே போய், மறுபடி பெரிதாக இழுக்கும். அந்த உயரத்தில் அது சகஜம் என்று மகளுக்கு முன்கூட்டியே சொல்லிவையுங்கள், பாவம் பயந்துவிடும். விரலில் மாட்டுகிற ஆக்ஸிமீட்டர் பாலு கா கேராவில் 85, 88 என்று காட்டினால், நீங்கள் நன்றாக இருக்கும்வரை, பொருட்படுத்த வேண்டாம். அந்த எண்ணைப் பார்த்து எழுந்து உட்கார்ந்தவர்கள் எத்தனையோ பேர்.

ஆனால் மகள் எதைப் பார்த்தால் யாரையும் கேட்காமல் கூச்சல் போட வேண்டும் என்பதையும் சொல்லிவையுங்கள். சும்மா உட்கார்ந்திருக்கும்போதே மூச்சு வாங்குவது, விடாத இருமல், நுரையோடு சளி. அல்லது குடித்தவர் போல நடை தள்ளாடுவது, கேட்டதற்குச் சம்பந்தமில்லாமல் பதில் சொல்வது. ஒரு காலின் விரல் நுனியை ஒட்டி இன்னொரு காலின் குதிகாலை வைத்து வைத்துப் பத்தடி நேராக நடக்கச் சொல்லட்டும். முடியவில்லை என்றால், அப்போது மணி ராத்திரி இரண்டானாலும், கீழே இறக்குவதுதான் வைத்தியம். விடியட்டும் என்று காத்திருக்கக் கூடாது.

விழித்திரையில் ரத்தக்கசிவோ புது ரத்தக்குழாயோ இருக்கிறது என்று கண் டாக்டர் சொன்னாலோ, டிரெட்மில் தேறாவிட்டாலோ இந்த செப்டம்பர் வேண்டாம். அப்போதும் டிக்கெட்டைக் கிழிக்காதீர்கள். மனைவியையும் கூட்டிக்கொண்டு மணாலியில் இருங்கள், மகள் போய்வரட்டும். ரிப்போர்ட் எல்லாம் சரியாக வந்தால் எனக்கு ஒரு வரி எழுதுங்கள், கிளிமிபிரைடை என்ன செய்தார்கள் என்பதையும் சேர்த்து.