கொரோனா பாசிட்டிவ் வந்தாலும் மலேரியாவை விட்டுவிட முடியாது

கேள்வி: மலேரியா உள்ள பகுதிக்குப் போய்வந்த அண்ணனுக்கு மூன்று நாளாகக் குளிர்காய்ச்சல். கொரோனா பாசிட்டிவ், மலேரியா கார்டு டெஸ்ட் (ஒரு சொட்டு ரத்தத்தை அட்டையில் விட்டுப் பார்க்கும் விரைவுச் சோதனை) நெகட்டிவ். இனி மலேரியா பற்றிக் கவலை வேண்டாமா?

பதில்: வேண்டும். இரண்டும் ஒரே ஆளுக்கு ஒரே சமயத்தில் வரலாம். காய்ச்சல், தலைவலி, உடல்வலியை வைத்துப் பிரித்துச் சொல்ல முடியாது. இதில் மலேரியாவுக்கு நேரடி மருந்து இருக்கிறது. ஆனால் மலேரியாவிலேயே மிக ஆபத்தான ஃபால்சிபாரம் வகை ஓரிரு நாளிலேயே முற்றிவிடும் என்பதால், ரத்தப் பரிசோதனையைத் தள்ளிப்போடக் கூடாது.

கார்டு டெஸ்ட் பொய் சொல்லும் இடங்கள் சில உண்டு. அட்டை வேலை செய்கிறது என்று காட்டும் கன்ட்ரோல் கோடு விழவில்லையென்றால் அந்த அட்டை செல்லாது. குறித்த நேரம் தாண்டிப் பார்த்தால், இல்லாத கோடு மங்கலாகத் தெரியலாம். ரத்தத்தில் ஒட்டுண்ணி குறைவாக இருந்தாலும், அட்டை வெயிலில் கெட்டிருந்தாலும் நெகட்டிவ் காட்டும். சில ஃபால்சிபாரம் கிருமிகளில் அட்டை தேடும் ஹெச்ஆர்பி-2 புரதமே இருக்காது. ஆகவே ஸ்மியர் (கண்ணாடித் தகட்டில் ரத்தப் பூச்சு) எடுத்து நுண்ணோக்கியில் பார்க்கச் சொல்லுங்கள். அதுவும் நெகட்டிவ் என்றால் 12 முதல் 24 மணி நேர இடைவெளியில், மொத்தம் மூன்று முறை. இன்னொன்று: சிகிச்சை முடிந்த பிறகும் ஹெச்ஆர்பி-2 சில வாரங்கள் ரத்தத்தில் தங்கும். அப்போது அட்டை பாசிட்டிவ் காட்டினால் மருந்து பலிக்கவில்லை என்று முடிவுகட்டாதீர்கள்.

சிக்கலில்லாத ஃபால்சிபாரத்துக்கு ஆர்ட்டிமீத்தர்-லூமிஃபான்ட்ரின் என்ற கூட்டு மாத்திரை கொடுத்தால், 35 கிலோவும் அதற்கு மேலும் உள்ளவருக்கு வேளைக்கு 20/120 மில்லிகிராம் மாத்திரை நான்கு: முதல் வேளையிலிருந்து எண்ணி 0, 8, 24, 36, 48, 60-ஆம் மணி நேரங்களில். அடிக்கடி தவறுவது அந்த எட்டாம் மணி வேளைதான். கொழுப்புள்ள உணவோடு சாப்பிட்டால்தான் லூமிஃபான்ட்ரின் சரியாக உடலில் சேரும். ஒரு மணி நேரத்துக்குள் வாந்தி வந்தால் அந்த வேளையை முழுதாகத் திரும்பக் கொடுக்க வேண்டும். இரண்டாம் நாள் காய்ச்சல் விட்டதும் நிறுத்திவிடக் கூடாது.

வைவாக்ஸ் என்ற மற்றொரு வகை மலேரியா என்றால், ஈரலில் ஒளிந்திருக்கும் கிருமியைக் கொல்லும் பிரைமாகுயினும் சேரும். அதற்கு முன் ஜி6பிடி பரிசோதனை (இந்த நொதி குறைவாக இருந்தால் அந்த மருந்து ரத்தச் சிவப்பணுக்களை உடைக்கும்) தேவை, கர்ப்பிணிகளுக்குக் கூடாது. கொரோனாவுக்கென்று ஒரு காலத்தில் கொடுக்கப்பட்ட ஹைட்ராக்சிகுளோரோகுயின் சாப்பிட்டவருக்கு மலேரியா வராது என்று நம்ப வேண்டாம். அதன் இன மருந்தான குளோரோகுயினுக்கு அடங்காத ஃபால்சிபாரம் உலகின் பெரும்பகுதியில் பரவிவிட்டது.

குழப்பமான பேச்சு, வலிப்பு, மஞ்சள் காமாலை, மூச்சுத்திணறல், எதையும் குடிக்க முடியாத நிலை: இதில் ஒன்று தெரிந்தாலும் உடனே மருத்துவமனைக்குப் போங்கள். தீவிர மலேரியா என்றால் ஆர்ட்டிசுனேட் ஊசி. பெரியவர்களுக்குக் கிலோவுக்கு 2.4 மில்லிகிராம், 0, 12, 24-ஆம் மணியில், பிறகு தினம் ஒன்று. ஆக்சிஜன் இறங்கினால் கொரோனாதான் என்று எண்ணிவிடாதீர்கள், மலேரியாவும் நுரையீரலைத் தாக்கும். டெக்ஸாமெத்தசோன் என்ற ஸ்டீராய்டு மருந்து ஆக்சிஜன் தேவைப்படும் கொரோனா நோயாளிக்கு உதவும், மூளை மலேரியாவில் கெடுதல் செய்யும். மலேரியா பரிசோதனை முடிவு என்னவென்று மருத்துவரிடம் சொல்லாமல் டெக்ஸாமெத்தசோனைத் தொடங்க விடாதீர்கள்.