ஆவணப்படத்தால் வாழ்க்கை மாறிய இசைக்கலைஞர் யாராவது உண்டா?

எனக்குச் சட்டென்று நினைவுக்கு வருபவர் அமெரிக்க ப்ளூஸ் கிட்டார் கலைஞர் ஆர். எல். பர்ன்சைட். அவருடைய ஒரு இசைத்தட்டைக் கேட்பதற்கு முன்பே ஆளைப் பார்த்துவிட்டேன்.

யூடியூபில் கிட்டார் பாடம் தேடும்போது தட்டுப்பட்ட காட்சி அது. 1978இல் அமெரிக்காவின் மிசிசிப்பி மாநிலத்தில் இன்டிபென்டன்ஸ் என்ற ஊரில், அவர் வீட்டுக்கே போய் நாட்டுப்புற இசை சேகரிப்பாளர் ஆலன் லோமாக்ஸ் குழுவினர் எடுத்தது. ப்ளூஸ் என்ற அமெரிக்கக் கறுப்பின மக்களின் இசை என்றால் பன்னிரண்டு பார் (தாளச் சுற்று), மூன்று கார்டு (ஒன்றாக ஒலிக்கும் சுரக் கூட்டு) என்று படித்து வைத்திருந்த எனக்கு ஒன்றும் புரியவில்லை. மனிதர் கார்டை மாற்றவே மாட்டேன் என்கிறார்! தம்புரா மாதிரி அடியில் ஒரே நாதம், மேலே ஒரு சின்னத் துணுக்கு திரும்பத் திரும்ப. வடக்கு மிசிசிப்பி மேட்டுநிலத்துக்காரர்களின் வாசிப்பே அப்படித்தான். ஹில் கன்ட்ரி ப்ளூஸ் என்பார்கள். உட்கார்ந்து ரசிப்பதற்கல்ல, விடிய விடிய ஆடுவதற்கான இசை.

பர்ன்சைட் பிறந்தது 1926இல். பிழைப்புத் தேடி சிகாகோ போனார். அங்கே அப்பாவும் சகோதரர்கள் இருவரும் கொலையுண்டார்கள். ஊர் திரும்பியவர், ஒருவரைச் சுட்டுக் கொன்ற வழக்கில் மிசிசிப்பியின் பார்ச்மன் சிறைக்கும் போய் வந்தார். பிறகு வயல் வேலை, மீன்பிடி, சனிக்கிழமை இரவுகளில் கிட்டார். 1967இல் ப்ளூஸ் கலைஞர்களைத் தேடிப் போய்ப் பதிவு செய்துவந்த ஜார்ஜ் மிட்செல் அவர் வாசிப்பைப் பதிவு செய்தார். ஆர்ஹூலி என்ற இசைத்தட்டு நிறுவனம் வெளியிட்டது. அதனால் பிழைப்பு மாறிவிடவில்லை.

திருப்பம் 1991இல் வந்த ‘டீப் ப்ளூஸ்’ ஆவணப்படம். இயக்கியவர் ராபர்ட் மக். படக்குழுவைப் பர்ன்சைட் போன்ற கலைஞர்களிடம் கூட்டிக்கொண்டு போனவர் இசை விமர்சகர் ராபர்ட் பால்மர். அதே ஆண்டு ஆக்ஸ்ஃபோர்டு என்ற பக்கத்து ஊரில் ஃபேட் பாசம் என்ற சின்ன இசை நிறுவனமும் முளைத்தது. அதற்காகப் பால்மரே தயாரித்த ‘டூ பேட் ஜிம்’ ஆல்பம் 1994இல் வந்தபோது பர்ன்சைடுக்கு 67 வயது. 1996இல் நியூயார்க் ராக் குழுவான ஜான் ஸ்பென்சர் ப்ளூஸ் எக்ஸ்ப்ளோஷனோடு ஓர் ஆல்பம். ராக் ரசிகர்கள் கூட்டம் கூட்டமாக வந்தார்கள். பிறகு வந்த ரீமிக்ஸ் ஆல்பம் மட்டும் எனக்கு ஒட்டவில்லை. ஆனால் அதிலிருந்த ஒரு பாட்டு ‘தி சோப்ரானோஸ்’ தொலைக்காட்சித் தொடர் வரை போனது, என் ரசனையை யார் கேட்டார்கள்?

படம்தான் அவரை உயர்த்தியது என்று முழுதாகச் சொல்ல மாட்டேன். ஃபேட் பாசத்துக்கும் பெரிய பங்குண்டு. ஆனால் இந்த இசை எந்த மாதிரி இடத்தில், யார் நடுவில் ஒலிக்கிறது என்பதை இசைத்தட்டு மட்டும் காட்டியிருக்காது. எனக்கே அந்த ஒற்றைக் கார்டு பார்த்த பிறகுதான் பிடிபட்டது.

2005இல் இறந்துவிட்டார். பேரன் செட்ரிக் பர்ன்சைட் 2022இல் கிராமி வாங்கினார். நீங்கள் தொடங்குவதானால் 1978 காட்சியையே முதலில் பாருங்கள். முகத்தை விடுங்கள், வலது கைக் கட்டைவிரலைக் கவனியுங்கள்.