நகைய அடகு வச்சு முதல் படம் எடுக்கலாமா?

கேள்வி: வயசு 36, சென்னைல ஃப்ரீலான்ஸ் கேமராமேன். விளம்பரம், வெப் சீரிஸ், சின்ன படம்னு வருஷத்துக்கு 14 லட்சம் வரும், எந்த மாசம் வரும்னுதான் தெரியாது. வீட்டுச் செலவு மாசம் 45 ஆயிரம். கைல 9 லட்சம் இருக்கு. நானே டைரக்ட் பண்ணி ஒரு இண்டி படம் எடுக்கணும், பட்ஜெட் 25 லட்சம். மீதி 16 லட்சத்துக்கு மனைவி நகைய வைக்கவா, பர்சனல் லோன் போகவா?

பதில்: ரெண்டும் வேணாம் தம்பி. முதல்ல அந்த 25 லட்சமே சரியான கணக்கு இல்ல. டைரக்டரா உக்காந்துட்டா ப்ரீ ப்ரொடக்‌ஷன், ஷூட், எடிட், டிஐ (கலர் சரி பண்ற வேலை), மிக்ஸிங், சென்சார்னு ஒன்றரை வருஷம் சுலபமா ஓடிரும், அந்த நேரத்துல மத்தவங்க படத்துக்கு டிஓபியா, அதாவது கேமராமேனா போக முடியாது, அப்போ போற சம்பளத்தையும் பட்ஜெட்ல சேர்க்கணும்ல? இதுல 16 லட்சம் லோன் 14% வட்டிக்கு அஞ்சு வருஷம்னா இஎம்ஐ மட்டும் மாசம் 37 ஆயிரத்துக்கு மேல. நகைக்கடன்ல வட்டி கம்மிதான், ஆனா கட்டலைன்னா ஏலம்.

9 லட்சத்துல எட்டு மாசச் செலவு 3.6 லட்சத்த எடுத்து எஃப்டில போடுங்க, ஹெல்த் இன்சூரன்ஸ் இல்லைன்னா இந்த வாரமே எடுங்க, நமக்கு கம்பெனி பாலிசியா இருக்கு? மிச்சம் அஞ்சு லட்சம் சொச்சம்தான் படத்துக்கு. அதுல முழுப் படம் எடுக்காம ஸ்கிரிப்ட்டும் பத்து நிமிஷ பைலட்டும் (மாதிரிப் படம்) பக்காவா பண்ணி கோவால மத்திய அரசோட சினிமா நிறுவனமான என்எஃப்டிசி நடத்துற ஃபிலிம் பஜார் (கோ-ப்ரொட்யூசர் தேடுற சந்தை), நெதர்லாந்து ராட்டர்டாம் திரைப்பட விழாவோட ஹ்யூபர்ட் பால்ஸ் ஃபண்ட் (படத்துக்கு நிதி உதவி) மாதிரி இடத்துக்கு அனுப்புங்க. 1998லயே சினிமாவுக்கு இண்டஸ்ட்ரி அந்தஸ்து குடுத்தாச்சு, ஆனா புது டைரக்டருக்கு எந்த பேங்க் மேனேஜர் லோன் குடுக்கிறார்?

இன்னொண்ணு, கம்பெனிங்க உங்க பில்லுல 10% டிடிஎஸ் (முன்கூட்டியே கழிக்கிற வருமான வரி) புடிப்பாங்க, அத அப்படியே விட்டுட்டு இருக்கீங்களா? சினிமா கேமராமேன் செலவுக் கணக்கு காட்டாம, அனுமான வரி முறைல வரவுல பாதிய வருமானமா காட்டினா போதும், 14 லட்சத்துக்கு 7 லட்சம், புது வரி ரெஜிம்ல 12 லட்சம் வரைக்கும் வரி இல்ல, அப்போ புடிச்சது மொத்தமும் ரீஃபண்ட். ஆடிட்டர்ட்ட ஒரு தடவ உக்காந்து பேசிருங்க.

கோ-ப்ரொட்யூசர் கிடைச்சா உங்க டிஓபி சம்பளத்தையும் டைரக்‌ஷன் சம்பளத்தையும் உங்க பங்கு முதலீடா அக்ரிமெண்ட்ல எழுதிருங்க, வாய்ப்பேச்சுல விடாதீங்க. ஓடிடி விலை, அரசு மானியம் ரெண்டையும் வரவுப் பக்கம் எழுதவே வேணாம், வந்தா வரட்டும்.