இரண்டு நெட்வொர்க் ஸ்விட்ச்களை இணைக்க கேட் 6 கேபிள் போதுமா, கேட் 7 வாங்க வேண்டுமா?

மாடியில் ஒரு ஸ்விட்ச், கீழே ஒரு ஸ்விட்ச், நடுவில் ஒரே கேபிள். உங்கள் நிலைமை இதுதான் என்று வைத்துக்கொள்கிறேன். ஒரே கட்டடத்துக்குள் என்றால் கேட் 6 தாராளம் ('கேட்' என்பது நெட்வொர்க் கேபிளின் தரவகை). 1 ஜிகாபிட் வேகத்துக்கு நல்ல கேட் 5இ-யே 100 மீட்டர் ஓடும். பிற்பாடு 10 ஜிகாபிட் போடுவீர்கள் என்றால் கேட் 6 சுமார் 55 மீட்டர் வரைதான் தாங்கும், அதற்கு மேல் கேட் 6ஏ. சாதா ஆர்ஜே 45 பிளக் மாட்டிய கேட் 7-க்குக் காசை விடாதீர்கள். இரு முனையிலும் கம்பி வரிசையை மாற்றிப் போட்ட கிராஸ் கேபிளும் வேண்டாம், இப்போதைய ஸ்விட்ச்கள் தாமே சரிசெய்துகொள்ளும்.

எண்ணை விட, உள்ளே இருப்பது செம்பா என்று பாருங்கள். திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் ராத்திரியானால் கேமராக்கள் அணைந்து அணைந்து வருகின்றன என்று கூப்பிட்டார்கள். அதற்குள் ஸ்விட்ச், கேமரா எல்லாம் மாற்றிப் பார்த்துவிட்டார்கள். போய்ப் பார்த்தால் இரண்டு ஜிகாபிட் ஸ்விட்சுக்கு நடுவில் 100 மெகாபிட்தான் காட்டுகிறது. கம்பியை பிளேடால் சுரண்டினேன். மேலே செம்பு, உள்ளே வெள்ளை வெளேரென்று அலுமினியம்! பெட்டியில் என்னவோ கேட் 6 என்றுதான் போட்டிருந்தது.

அலுமினியத்தில் மின்தடை அதிகம். அதே கேபிளில் பவரும் போனால் தூரத்தில் வோல்டேஜ் இறங்கும். இருட்டியதும் கேமராவின் இன்ஃப்ராரெட் விளக்கு எரிந்து கூடுதல் கரண்ட் இழுக்கும், கேமரா படுத்துவிடும். வளைத்த இடத்தில் அலுமினியம் சுலபமாக முறியவும் செய்யும். ஜிகாபிட்டுக்குக் கேபிளுக்குள் இருக்கும் நாலு ஜோடிக் கம்பியும் வேண்டும், அங்கே ஒரு ஜோடி போயிருந்தது.

'என் வீட்டில் அதே கேபிள் வருஷக்கணக்கில் ஓடுகிறதே' என்று யாராவது வருவீர்கள். ஓடும், நான் மறுக்கவில்லை. நாலடி தூரத்துக்கு எதுவும் ஓடும். எலக்ட்ரீசியன்களையும் குறை சொல்லவில்லை, என் சித்தப்பாவே எலக்ட்ரீசியன்தான். எலக்ட்ரீசியன் வாங்கச் சொன்னதை வாங்காமல் மலிவாகப் பிடித்து வரும் முதலாளிகளைத்தான் சொல்கிறேன்.

அப்புறம் இந்த ஃபால்ஸ் சீலிங்காரர்கள். கேபிளை டெஸ்ட் பண்ணும் வரை பொறுங்கள் என்றால் கேட்பதில்லை, மூடி பெயின்டும் அடித்துவிடுகிறார்கள். அந்தக் கம்பெனியில் சீலிங்கைப் பிரித்த கூலியை என் பில்லில்தான் கழித்தார்கள். மிச்சப் பணத்துக்கு அக்கவுன்டன்ட் இன்னும் 'அடுத்த சனிக்கிழமை வாங்க சார்' என்கிறார்.