ஜேர்மன் துப்பறியும் ரீவித் தொடரான டெரிக்கின் 281 பாகங்களையும் ஒரே ஆளா எழுதினார்?

ஓம், ஒரே ஆள்தான். பெயர் ஹெர்பெர்ட் ரைனெக்கர். 1974 ஒக்டோபரில் டெரிக் தொடங்கியபோது அவருக்கு வயது 59. 1998இல் கடைசிப் பாகம் போனபோது 83. மற்றவர்கள் பென்ஷன் எடுத்துக்கொண்டு வீட்டில் இருக்கும் வயதில் இந்த மனிதர் ஏறக்குறைய மாதத்துக்கு ஒரு கொலைக் கதை எழுதிக்கொண்டிருந்தார். அதற்கு முன்பே, 1969இல் தொடங்கிய 'டெர் கொமிசார்' தொடரின் 97 பாகங்களும் அவருடையவை. அதில் இளம் பொலிஸ் அதிகாரியாக வந்த ஹரி க்ளைனை அப்படியே தூக்கி, துப்பறியும் அதிகாரி டெரிக்குக்குப் பக்கத்தில் உதவியாளராக உட்கார வைத்துவிட்டார்.

இவ்வளவையும் ஒரே ஆளால் எழுத எப்படி முடிந்தது என்பது ஒரு பாகத்தைப் பார்த்தாலே விளங்கும். துரத்தல், அடிதடி எல்லாம் குறைவு. மியூனிக்கில் ஒரு வசதியான வீடு, நாலைந்து பேர், ஒரு சோபா. மிச்சமெல்லாம் பேச்சு. "அவர் போய்விட்டார்." "போய்விட்டாரா?" "ஓம், போய்விட்டார்." இந்த மாதிரித்தான் போகும். இதை ஜேர்மன்காரரே நக்கல் அடிப்பார்கள். எங்கள் வீட்டில் அதுதான் டொச் (ஜேர்மன் மொழி) வகுப்பு. வெள்ளி இரவு எட்டேகாலுக்கு அப்பா ரீவிக்கு முன்னால் இருப்பார். முதல் தடவை தப்பிய சொல் இரண்டாம் தடவை அவர் காதில் பிடிபட்டுவிடும்.

ரைனெக்கரின் பழைய கதையை நான் பிறகுதான் வாசித்தேன். ஹிட்லர் இளைஞர் அமைப்பின் பத்திரிகைகளில் வேலை, போரில் நாஜிகளின் வாஃபன் எஸ்.எஸ். படையின் செய்தியாளர். போர் முடிந்து பத்து வருடத்துக்குள் 'கனாரிஸ்' படத்தின் திரைக்கதைக்கு ஜேர்மன் திரைப்பட விருது. சரி, அந்தத் தலைமுறையில் இது அதிசயமில்லை. ஆனால் குற்றம், மனச்சாட்சி என்று டெரிக் நீட்டி முழக்கும் இடங்களை இப்போது என்னால் பழையபடி கேட்க முடியவில்லை. டெரிக்காக நடித்த ஹோர்ஸ்ட் டாப்பெர்ட்டும் அதே வாஃபன் எஸ்.எஸ்.ஸில் இருந்தவர் என்பது, அவர் இறந்த பிறகு 2013இல் வெளிவந்தது. தொடரை ஒளிபரப்பிய இசட்.டி.எஃப். தொலைக்காட்சி மறுஒளிபரப்பை நிறுத்திவிட்டது.

அப்பாவுக்கு இதெல்லாம் தெரியும். என்றாலும் கோயிலுக்கு வெளிக்கிடும்போது தம்பியைப் பார்த்து, "ஹரி, காரை எடுத்துக்கொண்டு வா" என்று டொச்சில் சொல்வார். டெரிக் சொன்னதாக ஜேர்மனி முழுக்கச் சொல்லிச் சிரிக்கும் வசனம் அது. டெரிக்கின் 281 பாகங்களில் ஒன்றில்கூட அது அப்படியே வருவதில்லை.