ஆர்கான், நியான் போன்ற அரிய வாயுக்களின் விலை ஏறியதற்கு உக்ரேன் போர்தான் காரணமா?

மலேசியாவில், கெடா மாநிலத்துப் பாடாங் செராயில் சிறியதாக ஒரு வெல்டிங் பட்டறை வைத்திருக்கிறேன். இரும்புக் கதவு, கோயில் உண்டியல், தைப்பூசம் நெருங்கினால் காவடிக்கு எவர்சில்வர் சட்டம். இதுதான் பிழைப்பு. நீங்கள் கேட்டிருக்கும் இதே கேள்வியை 2022 மார்ச்சில் நானும் கேட்டேன், கொஞ்சம் கோபமாக. ஆர்கான் தோம்பு (சிலிண்டரை எங்கள் பக்கம் அப்படித்தான் சொல்வோம்) இறக்க வந்த லாரித் தம்பி, விலை ஏறிய பில்லை நீட்டி, "அண்ணே, உக்ரேனில் சண்டை, அதனால்தான்" என்றார். எனக்கு நம்பிக்கை வரவில்லை. அன்றிலிருந்து துருவித் துருவிப் படித்ததைத்தான் இங்கே எழுதுகிறேன்.

நியானுக்கு, ஆமாம். ஆர்கானுக்கு, நேரடியாக இல்லை. இரண்டையும் ஒரே மூட்டையில் கட்டுவதால்தான் குழப்பம் வருகிறது.

ஆர்கான் அப்படியொன்றும் அரிதானதல்ல. நாம் மூச்சு விடும் காற்றில் 0.93 விழுக்காடு அதுதான். என் பட்டறைத் தோம்பில் ஏறக்குறைய 7 கன மீட்டர் வாயு அடைத்து வரும். நிமிடத்துக்கு 10 லிட்டர் திறந்துவிட்டால் பதினொன்றரை மணி நேரத்துக்குச் சற்று மேலே தாங்கும். பற்றவைக்கும் இடத்தில் காற்று படாமல் காப்பதுதான் அதன் வேலை. வாயு சரியாக விழுந்தால் பற்றவைத்த தடம் மீன் செதில்போல் அடுக்கடுக்காகப் பளபளக்கும். தோம்பு காலியாகும் நேரத்தில் முள் கீழே சரியும். தடம் முதலில் சாம்பல் பூக்கும், பிறகு கருக்கும், அப்புறம் ஊசிக்குத்துபோல் துளை துளையாகப் பொரிந்துவிடும். அதைத் தேய்த்து எடுத்து மறுபடியும் பற்றவைக்க வேண்டும். அரை நாள் போய்விடும்.

அந்த 7 கன மீட்டர் ஆர்கானைப் பிரிக்க 750 கன மீட்டர் காற்று போதும். அதே அளவு நியான் வேண்டுமானால் 3 லட்சத்து 85 ஆயிரம் கன மீட்டர். கிரிப்டானுக்கு 6 மில்லியனுக்கு மேல். செனானுக்கு 80 மில்லியன். செனானை லிட்டர் கணக்கில் விலை பேசுவது ஏன் என்று இப்போது புரிந்திருக்கும்.

நியானுக்காக மட்டும் அவ்வளவு காற்றைக் குளிரவைத்தால் கட்டுப்படியாகாது. இரும்பாலைக்கு ஆக்சிஜன் ஏராளமாகத் தேவை. அதற்காகப் பக்கத்திலேயே காற்றைத் திரவமாக்கிப் பிரிக்கும் ஆலை இருக்கும். நியான் −246 பாகையில்தான் திரவமாகும், ஆகவே மற்றவை திரவமான பிறகும் வாயுவாகவே மேலே தங்கிவிடும். அதைப் பிடித்துச் சுத்தம் செய்தால் காசு. என் அம்மா பால்மரம் (ரப்பர் மரம்) சீவியவர். மங்கில், அதாவது மரத்தில் கட்டிய கிண்ணத்தில், விழும் பால்தான் சம்பளம். சீவிய கோட்டில் ஒட்டிக் காய்ந்த ஒட்டுப்பாலை உரித்துப் பையில் போட்டுக்கொள்வார், அதற்கும் ஒரு விலை உண்டு. ஒட்டுப்பால் விலை ஏறிவிட்டது என்று எந்தத் தோட்டத்திலும் கூடுதலாக மரம் சீவ மாட்டார்கள். மழை பெய்து சீவல் நின்றால், என்ன விலை கொடுத்தாலும் ஒட்டுப்பால் கிடைக்காது. நியானும் அப்படித்தான்.

சோவியத் காலத்து இரும்பாலைகள் பெரியவை, அவற்றின் காற்றுப் பிரிப்பு ஆலைகளும் பெரியவை. ரஷ்ய ஆலைகளில் பிடித்த கச்சா நியான் உக்ரேனுக்குப் போய்ச் சுத்தமாகும். மரியுபோலில் இன்காஸ், ஒடேசாவில் கிரையோயின் என்ற இரண்டு நிறுவனங்களே உலகின் சிப் தொழிலுக்கான நியானில் ஏறக்குறைய பாதியைக் கொடுத்துக்கொண்டிருந்தன. 2022இல் படையெடுப்பு தொடங்கியதும் இரண்டும் நின்றன. மே மாத இறுதியில் ரஷ்யாவும் அரிய வாயு ஏற்றுமதிக்குக் கட்டுப்பாடு போட்டது. இது முதல் தடவையும் அல்ல. 2014இல் கிரிமியா விவகாரத்தின்போதே நியான் விலை 600 விழுக்காடு எகிறியது.

சிப் ஆலைக்கு நியான் எதற்கு? வேஃபரில் (சிப் செய்யும் சிலிக்கான் தகட்டில்) நுண்ணிய கோடுகளைப் பதிக்கும் எக்ஸைமர் லேசருக்கு. 193, 248 நானோமீட்டர் ஒளி தரும் அந்த லேசர்களுக்குள் இருக்கும் கலவையில் 95 விழுக்காட்டுக்கு மேல் நியான்தான். அது எரிந்து தீர்வதில்லை, அழுக்காகிறது, அவ்வளவுதான். 2014க்குப் பிறகு ஆலைகள் நியானைக் குறைவாகச் செலவழிக்கவும், சுத்தம் செய்து திரும்பப் பயன்படுத்தவும், இருப்பு வைக்கவும் பழகிக்கொண்டன. தென்கொரியாவில் போஸ்கோ தன் குவாங்யாங் இரும்பாலையிலேயே நியான் எடுக்கத் தொடங்கியது. சீனாவிலும் உற்பத்தி பெருகியது. உச்சிக்குப் போன விலை அப்படியே சரிந்தது. உலகம் பயந்த அளவுக்குச் சிப் ஆலைகள் முடங்கவில்லை.

எங்கள் ஊரிலிருந்து கொஞ்ச நேரத்தில் போய்ச் சேரும் கூலிம் தொழில்நுட்பப் பூங்காவில் வேஃபர் செய்யும் ஆலைகள் உண்டு. ஆனால் மலேசியாவின் பெரிய பலம் சிப்பைப் பொதிந்து சோதிப்பதில். உலகில் நடக்கும் அந்த வேலையில் சுமார் 13 விழுக்காடு இங்கே நடக்கிறது. அந்தக் கட்டத்துக்கு இந்த லேசர் தேவையில்லை. இன்னொன்று, ரப்பருக்கு வாரியம் தினமும் விலை அறிவிக்கிறது. நியானுக்கு அப்படி ஒரு பலகை கிடையாது. நீண்ட கால ஒப்பந்தம் போட்டவர் ஒரு விலை கொடுப்பார், அவசரத்துக்கு வாங்குபவர் வேறு விலை கொடுப்பார். செய்தியில் வரும் பயங்கர எண்கள் பெரும்பாலும் இரண்டாமவருடையவை.

ஹீலியம் வேறு சாதி. அது நிலத்தடி இயற்கை எரிவாயுவோடு வருவது. பாசார் மாலாமில் (இரவுச் சந்தையில்) பலூன் விற்பவரின் கவலை கத்தாரைப் பற்றியது. 2017இல் அண்டை நாடுகள் கத்தாரை முடக்கியபோது அங்கே ஹீலியம் ஆலைகள் கொஞ்ச நாள் நின்றன.

சரி, என் ஆர்கானுக்கு என்ன ஆயிற்று? காற்று இலவசம், ஆனால் அதை −186 பாகைக்குக் கீழே குளிரவைக்கும் மின்சாரம் இலவசமல்ல. தீபகற்ப மலேசியாவில் 2022 பிப்ரவரியிலேயே தொழில்துறைக்குக் கிலோவாட் மணிக்கு 3.7 சென் கூடுதல் கட்டணம் வந்துவிட்டது, அதாவது போருக்கு முன்பே. 2023 ஜனவரியில் நடுத்தர, உயர் மின்னழுத்தப் பயனீட்டாளர்களுக்கு அது 20 சென். நிலக்கரி விலை அதற்கு ஒரு முக்கியக் காரணம். அந்த விலையை மேலே தள்ளியதில் போருக்குப் பங்குண்டு. ஆகவே லாரித் தம்பி சொன்னதில், அவருக்கே தெரியாமல், கால்வாசி உண்மை இருந்தது.

அந்த ஜனவரியில் மறுபடியும் விலை ஏறியது. "இன்னும் உக்ரேன்தானா?" என்றேன். "இல்லை அண்ணே, இப்போது கரண்டு பில்" என்றார். வாயடைத்துப்போய்க் காசை எண்ணிக் கொடுத்தேன். ஜூலையில் 20 சென் 17 சென்னாகக் குறைந்த செய்தியைப் பத்திரிகையிலிருந்து கத்தரித்து வைத்து, அவர் வந்ததும் காட்டினேன். ஆபீசில் கேட்டுச் சொல்வதாகச் சொன்னார். இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறார்.