வக்கீல் வராததால் அப்பீல் தள்ளுபடி: அடுத்து எந்தக் கோர்ட்?

கேள்வி: எங்கள் ஆறு மா (நில அளவு) நஞ்சையை எதிர்த்தரப்பிடம் ஒப்படைக்கும்படி முன்சீப் கோர்ட்டில் தீர்ப்பானது. கும்பகோணம் சப் கோர்ட்டில் அப்பீல் போட்டு, அந்தத் தீர்ப்பை நிறைவேற்றத் தடையும் வாங்கியிருந்தோம். விசாரணை நாளில் எங்கள் வக்கீல் ஆஜராகாததால் அப்பீல் தள்ளுபடி. 20 நாள் ஆகிறது. உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் இரண்டாவது அப்பீல் போடலாமா? சம்பா அறுக்க முடியுமா?
- வாசகர், திருவிடைமருதூர்

பதில்: மதுரைக்கு இப்போது போகாதீர்கள். ஆஜராகாததற்காகத் தள்ளுபடி செய்த உத்தரவு டிக்ரி (தரப்பினரின் உரிமையை முடிவு செய்யும் தீர்ப்பாணை) ஆகாது. அதன் மேல் இரண்டாவது அப்பீல் கிடையாது. அதே சப் கோர்ட்டில், சிவில் நடைமுறைச் சட்டம் ஆர்டர் 41 ரூல் 19-ன் கீழ், அப்பீலை மறுபடி கோப்பில் எடுக்கச் சொல்லி மனுப் போடுங்கள்.

கெடு 30 நாள். உங்களுக்குத் தெரிய வந்த நாளிலிருந்து அல்ல, தள்ளுபடியான நாளிலிருந்து. உத்தரவு நகலுக்குக் காத்திருந்த நாட்களை, அப்பீலில் கழிப்பதுபோல் இதில் கழிக்க முடியாது. பலர் மாட்டிக்கொள்வது இங்கேதான். இந்த இதழ் கைக்கு வருவதற்குள் கெடு தாண்டியிருந்தால், காலவரையறைச் சட்டம் 5-வது பிரிவில் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேர வேண்டும்.

மனுவோடு தரும் அபிடவிட் (சத்தியப் பிரமாண வாக்குமூலம்)தான் அதற்கு உயிர். 'வக்கீல் வரவில்லை' என்ற ஒற்றை வரி நிற்காது. உடம்பு சரியில்லையா, வேறு கோர்ட்டில் மாட்டிக்கொண்டாரா, வாய்தா தேதியைத் தப்பாகக் குறித்தாரா என்பதைத் தேதியோடு எழுதி, மருத்துவச் சான்று போன்ற ஆதாரத்தை இணையுங்கள். அந்த வக்கீலே அபிடவிட் கொடுத்தால் வலு கூடும். வக்கீல் செய்த தவறுக்குக் கட்சிக்காரர் கஷ்டப்படக் கூடாது என்று 1981-ல் ரஃபீக் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது உங்களுக்குத் துணை. ஆனால் மாதக்கணக்கில் வழக்கை எட்டிப் பார்க்காதவருக்கு அது தானாகக் கைகொடுக்காது. இனி ஒவ்வொரு வழக்குக்கும் தரப்படும் தனி அடையாளமான 16 இலக்க சி.என்.ஆர். எண்ணை வைத்து இ-கோர்ட்ஸ் செயலியில் ஒவ்வொரு வாய்தாவையும் நீங்களே பாருங்கள்.

அறுவடைதான் அவசரம். அப்பீலோடு தடையும் போய்விட்டது. தீர்ப்பை அமல்படுத்தக் கோரும் நிறைவேற்றுதல் மனுவை எதிர்த்தரப்பு போட்டால், கோர்ட் ஊழியரான அமீனா வயலுக்கே வந்துவிடலாம். அதனால் தடைக்குத் தனி மனுவை அதே நாளில் போட்டு, அவசரமாக எடுக்கச் சொல்லிக் கேளுங்கள். ரூல் 19 மனுவைச் சப் கோர்ட் மறுத்தால், அந்த மறுப்பின் மேல் ஆர்டர் 43-ன் கீழ் உயர் நீதிமன்றத்தில் அப்பீல் உண்டு. மதுரைக்கு வேலை அப்போதுதான்.

கேள்வி: கிரிமினல் அப்பீலையும் இப்படித் தள்ளுபடி செய்யலாமா?
- வாசகர், மன்னார்குடி

பதில்: கூடாது. வக்கீல் வராவிட்டாலும் வழக்குக் கட்டைப் படித்து, வழக்கின் தகுதியைப் பார்த்தே தீர்ப்பு எழுத வேண்டும் என்று 1996-ல் பானி சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்த்துச் சொல்லிவிட்டது. அப்பீல் செய்தவர் சிறையில் இருந்து, அவருக்கு வக்கீல் இல்லையென்றால், அரசு செலவில் வக்கீல் வைக்கக் கோர்ட்டிடமே கேட்கலாம்.